காசிமேட்டில் கேமராவை எங்கே வைப்பது

வடசென்னையில் ஆவணப்படம் என்றாலே காசிமேடு மீன்பிடித் துறைமுகத்தின் விடியற்கால மீன் ஏலத்துக்குத்தான் கேமராவைத் தூக்கிக்கொண்டு ஓடுகிறார்கள். கூச்சல், விளக்கு, மீன் எல்லாம் ஒரே இடத்தில் கிடைத்துவிடும். எல்லார் படமும் ஒரே மாதிரி இருப்பதும் அதனால்தான். அன்றாடத்தைப் பார்க்க ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை, மீன்பிடித் தடைக்காலத்தில் போங்கள். விசைப்படகுகள் கட்டிக் கிடக்கும், ஆட்கள் வலையோடு உட்கார்ந்திருப்பார்கள்.

வலை சரிசெய்வதை எடுப்பவர்கள் முகத்துக்கு குளோசப் போகிறார்கள். விஷயம் காலில் இருக்கிறது. கட்டைவிரலில் வலையை மாட்டி இழுத்துப் பிடித்து, கிழிந்த இடத்தைக் கத்தியால் சீராக நறுக்கி, ஊசியில் சுற்றிய நூலால் கண்கண்ணாக முடிச்சுப் போடுவார்கள். கால், கை, முகம் மூன்றும் ஒரே ஃபிரேமில் வரணும். ஃபுல் ஃபிரேம் கேமரா என்றால் 35 எம்எம் லென்ஸ் போட்டு, ஒன்றரை மீட்டர் தள்ளித் தரையில் உட்காருங்கள். தூரத்திலிருந்து ஜூம் போட்டால் வேவு பார்த்த மாதிரி இருக்கும். ஒரு கிழிசல் முடியும்வரை கட் வேண்டாம். முடிந்ததும் வலையை உதறிப் பார்த்துவிட்டுப் பக்கத்து ஆளிடம் ஏதாவது சொல்வார்கள். அவசரப்பட்டு நிறுத்துபவர்கள் விடுவது இந்தப் பத்து விநாடியைத்தான்.

படம் கொஞ்சம் ஆடினாலும் சமாளிக்கலாம், சத்தம் போனால் போச்சு. கடற்கரையில், காற்றிரைச்சலைத் தடுக்கும் ரோம உறை இல்லாத மைக் வீண். வீட்டுக்குள் எதிரி ஃபேன். மே மாதத்தில் அதை நிறுத்தச் சொல்வது அராஜகம். காலர் மைக்கை வாய்க்குக் கிட்டே, சட்டைப் பட்டிக்கு உள்பக்கம் கிளிப்பில் மாட்டுங்கள். டேப் போட்டு ஒட்டினால் வியர்வையில் கழன்று, மைக்கில் துணி உரசும். கிளம்பும்முன் யாரும் பேசாமல் ஃபேன் சத்தத்தை மட்டும் ஒரு நிமிடம் பதியுங்கள். எடிட்டில் வெட்டிய இடங்களில் பின்சத்தம் குதிக்காமல் இருக்க இது வேணும்.

நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். விநாடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் 1/50 விநாடி வைத்தால் படத்தில் டியூப்லைட் மினுக்காது. 1/60 வைத்தால் பட்டை ஓடும். ஏசி அறையிலிருந்து நேரே வெளியே எடுத்தால் லென்ஸ் பனிக்கும். மூடிய பையிலேயே அரைமணி நேரம் வெளியே வைத்துவிட்டுத் திறங்கள். உப்புக்காற்றில் லென்ஸைத் துடைக்கும்முன் ஊதிவிடணும், இல்லாவிட்டால் கீறல்தான்.

பிள்ளைகள் "அண்ணா, எந்த சேனல்?" என்று வருவார்கள். விரட்டாதீர்கள், ஹெட்போனை மாட்டிவிடுங்கள். கொஞ்ச நேரத்தில் சலித்துப்போய் விளையாடக் கிளம்பிவிடும். "கேமராவைப் பார்க்காதீங்க" என்று மட்டும் யாரிடமும் சொல்லக்கூடாது. சொன்ன நிமிஷமே எல்லாரும் நடிக்க ஆரம்பித்துவிடுவார்கள்.

கேமராவை மறந்த பிறகு வட்டிக்கடன், வீட்டுச் சண்டை எல்லாம் வெளியே வரும். முதல் நாள் வாங்கிய சம்மதம் அதற்குச் செல்லாது. மறுநாள் லேப்டாப்பில் போட்டுக் காட்டி, தனியாகக் கேளுங்கள். பக்கத்தில் ஆள் இருந்தால் வேண்டாம் என்று சொல்லக் கூச்சப்படுவார்கள். தயங்கினாலே அந்தக் காட்சியை அழித்துவிடுங்கள், ஹார்ட் டிஸ்க்கின் இரண்டாவது பிரதியிலிருந்தும்.