ஓதமனின் நூலைத் தொலைத்தேன்: நான்காம் மாதக் குறிப்பு

ஓய்வு நேரங்களில் கற்பனை உலகம் ஒன்றைக் கட்டி வருகிறேன். நிலப்படமும் அரச மரபுகளும் ஓரளவு முடிந்த பிறகு, அவ்வுலகத்தார் எதை நம்பி வாழ்கிறார்கள், எதை மறுத்தவர்களைத் தண்டித்தார்கள் என்ற கேள்வி எழுந்தது. அதற்கு விடையாக ஒரு மெய்யியலாளரைப் படைக்கத் தொடங்கி நான்கு மாதங்கள் ஆகின்றன. அவர் பெயர் ஓதமன்; ஓடத்துறையில் சுங்கக் கணக்கு எழுதியவர்.

அவருடைய சிந்தனைக்கான வித்து கம்போடியாவிலிருந்து கிடைத்தது. அங்குள்ள தோன்லே சாப் ஆறு, வறண்ட காலத்தில் ஏரியிலிருந்து மேக்கோங் ஆற்றை நோக்கிப் பாய்கிறது. மழைக்காலத்தில் மேக்கோங் பெருகியதும் அதே ஆறு திசை திரும்பி, ஏரிக்குள் பாய்ந்து, அதன் பரப்பைப் பல மடங்கு விரித்துவிடுகிறது. அத்தகைய ஆற்றங்கரையில் பிறந்த ஒருவருக்கு 'ஊற்று', 'முடிவு' என்ற சொற்கள் என்ன பொருள் தரும்? என் நிலப்படத்தில் மீளாறு என்று ஒன்றை வரைந்து, அதன் துறையில் அவரை உட்கார வைத்தேன். 'மூலம் என்பது பருவத்தைப் பொறுத்த பெயர்' என்பது அவருடைய முதல் நூற்பா. தங்கள் குலம் ஊற்றிலிருந்து இறங்கி வந்தது என்று சொல்லியே ஆளும் அரசர்களின் காதில் இது எப்படி விழுந்திருக்கும் என்பதை விளக்க வேண்டியதில்லை.

முதல் இரண்டு மாத உழைப்பு ஏறத்தாழ வீண். பிறப்பு, ஆசிரியர்கள், பயணங்கள், ஐம்பது நூற்பாக்கள் என்று ஒரு குறிப்பேடு முழுவதையும் நிரப்பினேன். படித்துப் பார்த்தபோது, எல்லாம் ஆறு போல மாறிக்கொண்டே இருக்கிறது என்ற பழங்காலக் கிரேக்க மெய்யியலாளர் ஹெராக்ளிட்டஸின் நிழல் ஒன்று வேறு பெயரில் உலவுவது போல இருந்தது. அதைவிடப் பெரிய குறை, அவ்வுலகத்தில் எல்லோரும் ஓதமனை ஒரே மாதிரி, பிழையின்றி மேற்கோள் காட்டினார்கள் என்பது. இறந்து முந்நூறு ஆண்டுகள் ஆன எவருக்கும் அந்தப் பேறு வாய்ப்பதில்லை.

வழி காட்டியது குண்டலகேசி. அந்தப் பௌத்தக் காப்பியம் முழுமையாகக் கிடைக்கவில்லை. சில பாடல்கள் மட்டுமே பிற நூல்களின் வழியாக எஞ்சின. அதன் வாதங்களில் பலவற்றை, அதை எதிர்க்க எழுந்த சமண நூலான நீலகேசியின் வாயிலாகத்தான் அறிகிறோம். ஆகவே ஓதமனின் நூலை எரித்துவிட முடிவு செய்தேன். என் குறிப்பேட்டை அல்ல, அவ்வுலகத்தில் இருந்த படிகளை மட்டும்.

பிறகு ஊற்றுக் கோயிலின் தலைமை ஆசான் ஒருவர் எழுதியதாக ஒரு மறுப்பு நூலை எழுதினேன். அமைப்புக்கு, சைவ சித்தாந்த நூலான சிவஞானசித்தியாரில் பிற கொள்கைகளை மறுக்கும் பகுதியாகிய பரபக்கத்தைப் பின்பற்றினேன். அங்கே கண்ணால் காணும் உலகே மெய் என்னும் உலகாயதன் கொள்கையை முதலில் எடுத்துரைத்து, அதன் பிறகே மறுக்கிறார் அருணந்தி சிவாசாரியார். எனக்கு நானே விதித்துக்கொண்ட கட்டுப்பாடு ஒன்றுதான்: தம்மால் வெல்லக்கூடிய நூற்பாக்களை மட்டுமே அந்த ஆசான் மேற்கோள் காட்டலாம். ஐம்பதில் இருபத்து மூன்று தேறின. எதிரியின் குரலில் எழுதுவது இவ்வளவு இன்பம் தரும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. சில இடங்களில் ஆசானின் பக்கமே நியாயம் என்றுகூடத் தோன்றியது.

அடுத்ததுதான் உண்மையான சோதனை. குறிப்பேட்டை ஒரு மாதம் திறக்காமல் வைத்திருந்து, மறுப்பு நூலை மட்டும் கொண்டு ஓதமனின் கொள்கையை மீட்டெழுதினேன். ஒப்பிட்டபோது வியப்பு. பருவத்துக்கு ஏற்ப மூலம் மாறும் என்று மட்டும் சொன்ன கணக்கர், மீட்டெழுதிய வடிவத்தில் மூலமே இல்லை என்று முழங்குகிறார். பருவத்தைப் பற்றிய நூற்பாக்களை மறுப்பது கடினம் என்பதால் ஆசான் அவற்றைத் தொடவே இல்லை, எஞ்சியவை கூர்மையாகிவிட்டன. பிற்கால மாணவர்கள் பின்பற்றுவது இந்த இரண்டாம் ஓதமனைத்தான் என்று முடிவு செய்திருக்கிறேன். ஓடக்காரர்களின் பழமொழிகளில் மட்டும் பழைய ஓதமன் மிஞ்சுகிறார்: 'திரும்பும் வரை துறையில் இரு.'

இறப்பை இன்னும் முடிக்கவில்லை. ஆன்மாக்களுக்கு நீராவதே சாவு என்ற ஹெராக்ளிட்டஸ், உடம்பில் நீர் கோத்து, அதை வற்றச் செய்ய மாட்டுச் சாணத்தைப் பூசிக்கொண்டு கிடந்ததாக மெய்யியலாளர்களின் வாழ்க்கைக் கதைகளைத் தொகுத்த டயோஜெனிஸ் லயெர்ஷியஸ் எழுதிவைத்திருக்கிறார். கொள்கைக்குப் பொருந்திய சாவை ஊரார் பின்னால் தைத்துக் கொடுப்பது பழைய வழக்கம் போலும். எனவே ஓதமனுக்கும் இரண்டு சாவுகள் வேண்டும். ஆறு திரும்பிய நாளில் வெள்ளம் அடித்துச் சென்றதாகக் கோயிலார் சொல்லும் கதை எழுதியாகிவிட்டது. ஓடக்காரர்கள் சொல்லும் கதைக்கு இதுவரை மூன்று வடிவங்கள் எழுதி, மூன்றையும் அடித்துவிட்டேன். மூன்றிலும் அவர் சாகும்போது அழகாகப் பேசுகிறார்.