இமோ மாநிலப் பள்ளியில் நான் அறிந்த ஓசு வழக்கம்

1980களின் தொடக்கத்தில் நைஜீரியப் பள்ளிகளில் அறிவியலும் கணிதமும் கற்பிக்க இந்தியாவிலிருந்து ஆசிரியர்கள் பலர் சென்றார்கள். அவர்களில் ஒருவனாக, இமோ மாநிலத்தின் ஓவெர்ரி நகரை அடுத்த ஓர் ஊரில் வேதியியல் ஆசிரியராகப் பணியாற்றினேன். 1970இல் முடிந்த உள்நாட்டுப் போரின் துயரம் அங்கே எல்லார் வீட்டிலும் இருந்தது. ஆயினும் பிள்ளைகளைப் படிக்க வைப்பதில் அந்தப் பகுதியின் இக்போ இன மக்கள் காட்டிய வேகத்தை நான் வேறெங்கும் கண்டதில்லை. இப்படிப்பட்ட மக்களிடையே பிறப்பை வைத்து மனிதரை ஒதுக்கும் ஓசு என்னும் வழக்கம் ஒன்று இருக்கும் என்று அங்கே போகும் வரை நான் கேள்விப்பட்டதே இல்லை.

அங்கே எந்தக் கூட்டமும், விருந்தினருக்குக் கொடுக்கும் கசப்பான கோலாக் கொட்டை வராமல் தொடங்காது. மரத்தட்டில் கோலாவும், பக்கத்தில் மிளகாய் சேர்த்து அரைத்த நிலக்கடலை விழுதும் வரும். தட்டு வந்திருப்பவர்களுக்கு முறைப்படி காட்டப்பட்டுக் கைமாறிப் போய், கொண்டுவந்தவரிடமே திரும்பும். அதன்பின் அவையிலுள்ள ஆண்களில் மூத்தவர் கோலாவைக் கையில் ஏந்திக் கடவுளையும் முன்னோரையும் வேண்டிக்கொண்டு உடைப்பார். உள்ளே நான்கு பருப்பு இருந்துவிட்டால், எக்கே, ஓரியே, ஆஃபோ, ந்க்வோ என்னும் நான்கு சந்தை நாள்களோடும் அதைப் பொருத்திப் பார்த்து மகிழ்வார்கள். கோலாவைக் கொண்டுவருபவர் உயிரைக் கொண்டுவருகிறார் என்பது அவர்களுடைய பழமொழி.

எங்கள் பள்ளியில் வயதிலும் பணிக்காலத்திலும் மூத்தவர் கணித ஆசிரியர். மாணவர்களின் பெற்றோரே சிறுவயதில் அவரிடம் கணக்குப் படித்தவர்கள். பெற்றோர் ஆசிரியர் கூட்டம் ஒன்றில் தட்டு அவரிடம் வந்தபோது, அவர் அதன் விளிம்பை விரல் நுனியால் தொட்டுவிட்டு, தம்மைவிட மிகவும் இளையவரான வரலாற்று ஆசிரியரின் பக்கம் நகர்த்தினார். இளையவர் எழுந்து வேண்டுதலைத் தொடங்கினார். அவையில் ஒரு முகத்திலும் வியப்பில்லை. திரும்பும் வழியில் பள்ளிக் கணக்கரிடம் காரணம் கேட்டேன். "அவர் குடும்பம் ஓசு, சார். அவர் உடைத்துக் கொடுத்தால் ஊர்க்காரர்கள் வாயில் வைக்க மாட்டார்கள்" என்றார். அவர் குரலில் வெறுப்பு சிறிதும் இல்லை. மழை வரும் என்று சொல்வதுபோல் சொன்னார். அதுதான் எனக்குத் தாங்க முடியாததாக இருந்தது.

ஓசு என்போர் ஊர்த் தெய்வத்துக்கு ஒப்படைக்கப்பட்டவர்களின் வழித்தோன்றல்கள். குற்றத்துக்குக் கழுவாயாகக் குடும்பத்தார் கொடுத்தவர்கள் உண்டு, விலைக்கு வாங்கிக் கோயிலில் விடப்பட்டவர்கள் உண்டு, அடிமையாக விற்கப்படுவதற்கு அஞ்சித் தாங்களே தெய்வத்திடம் அடைக்கலம் புகுந்தவர்களும் உண்டு. தெய்வத்தின் உடைமை என்பதால் அவர்களைத் தாக்கவோ கொல்லவோ யாரும் துணியவில்லை. அதே காரணத்தால் அவர்களோடு கலக்கவும் கூடாது என்றாயிற்று. ஓசுவை மணந்தவரும் ஓசு, பிறக்கும் குழந்தையும் ஓசு. மனிதரிடம் அடிமைப்பட்ட ஓஹு என்னும் பிரிவினர் சில ஊர்களில் மீட்புப் பெற வழி இருந்தது. தெய்வத்துக்கு உரியவரை மீட்பது யார்? டியாலா எனப்படும் சுதந்திரப் பிறப்பினர் ஓசுக்களுக்குப் பெண் கொடுப்பதில்லை, எடுப்பதில்லை. ஊரில் மதிப்புத் தரும் ஓசோ பட்டத்துக்கும் ஊர்த் தலைமைக்கும் அவர்களை ஏற்பதில்லை.

நிறத்திலோ மொழியிலோ பெயரிலோ தொழிலிலோ இவர்களைப் பிரித்தறிய முடியாது. வறுமையும் அடையாளமன்று. 1857இல் ஒனிட்ஷாவில் ஆங்கிலிக்கன் மிஷனும் 1885இல் கத்தோலிக்க மிஷனும் வந்தபோது, ஊரார் தயங்கி நின்ற இடத்துக்கு முதலில் துணிந்து சென்றவர்களில் ஓசுக்கள் பலர் இருந்தார்கள். எனவே அவர்களிடையே ஆசிரியர்களும் மருத்துவர்களும் வழக்கறிஞர்களும் முன்பே உருவானார்கள். கல்வியும் செல்வமும் வந்தால் பிறப்பு இழிவு தானே கரைந்துவிடும் என்று நம் ஊரில் பலர் சொல்லக் கேட்டு வளர்ந்தவன் நான். இரண்டும் வந்த பிறகும் கரையாமல் நின்றதை அங்கே கண்டேன். இந்த இழிவு முழுவதும் ஊராரின் நினைவில் இருக்கிறது. அந்த நினைவைக் காப்பது உமுன்னா எனப்படும் தந்தைவழிப் பங்காளிக் கூட்டம்.

திருமணப் பேச்சு எழும்போது அந்த நினைவு வேலை செய்யத் தொடங்கும். பெண் வீட்டாரும் மாப்பிள்ளை வீட்டாரும் ஆள் அனுப்பி ஒருவர் ஊரில் மற்றவர் குடும்பத்தைப் பற்றி விசாரிப்பது அங்கே கட்டாயமான சடங்கு. நோயும் களவும் பற்றிக் கேட்பதாகச் சொன்னாலும், முதலில் அறிய விரும்புவது இதைத்தான். எங்களோடு பணியாற்றிய இளம் உயிரியல் ஆசிரியை ந்சுக்கா பல்கலைக்கழகத்தில் படித்தவர். உடன் படித்தவரோடு திருமணம் பேசி முடித்து, ஆசிரியர் அறையில் எல்லாருக்கும் செய்தி சொன்னவர். விசாரிக்கப் போனவர்கள் திரும்பியபின் மாப்பிள்ளை வீட்டார் வரவே இல்லை. அவர் ஒரு வாரம் வகுப்புகளை வழக்கம்போல் நடத்திவிட்டு, லாகோசுக்கு மாற்றலாகிப் போனார். தலைமையாசிரியர் உட்பட நாங்கள் யாரும் அவரிடம் ஒரு சொல் ஆறுதல் சொல்ல இயலவில்லை. காரணத்தைச் சொன்னால்தானே ஆறுதல் சொல்ல முடியும்.

சட்டம் இல்லாமல் இல்லை. ந்னாம்டி அசிகிவே முதல்வராக இருந்த நைஜீரியக் கிழக்கு மண்டலத்தின் சட்டமன்றம் 1956இலேயே ஓசு முறையையும் ஓஹு முறையையும் ஒழித்து, தொடர்ந்து கடைப்பிடிப்போருக்குத் தண்டனையும் விதித்தது. இந்தியாவின் தீண்டாமைக் குற்றச் சட்டத்துக்கு அது ஓராண்டே இளையது. 1999ஆம் ஆண்டின் நைஜீரிய அரசியலமைப்பு, பிறந்த சூழலைக் காட்டி எவருடைய உரிமையையும் குறைக்கக் கூடாது என்கிறது. 2002இல் ஐ.நா.வின் இனப்பாகுபாடு ஒழிப்புக் குழு, சாதியையும் அதையொத்த பரம்பரை நிலைகளையும் ஒன்றாக வைத்துக் கண்டித்தது. இவற்றில் எதைக் கொண்டு அந்த ஆசிரியையைப் போன்றவர்கள் வழக்குத் தொடுக்க முடியும்? பெண் கேட்டு வராததும் கோலாத் தட்டை நகர்த்துவதும் எந்த நீதிமன்றத்திலும் குற்றமாகா.

சடங்கு கட்டியதைச் சடங்கே அவிழ்க்க வேண்டும் என்ற எண்ணம் இதனால்தான் வலுப்பெற்றது. பழங்காலத்தில் தீட்டுக் கழிக்கும் குருக்களைப் பல ஊர்களுக்கும் அனுப்பிய அனம்பிரா மாநிலத்து ந்ரியில், 2018 டிசம்பரில், ஓசு முறை ஒழிந்தது என்று சடங்கு செய்து அறிவித்தார்கள். அதை நான் மனமார வரவேற்கிறேன். இருந்தாலும், இக்போக்களுக்கு அரசன் இல்லை என்று அவர்களே பெருமையாகச் சொல்லிக்கொள்வதுபோல், ஓர் ஊரின் முடிவு மற்ற ஊரைக் கட்டுப்படுத்தாது. ஒவ்வோர் ஊரும், ஒவ்வோர் உமுன்னாவும் தனித்தனியே கூடி முடிவெடுத்தாக வேண்டும்.

என் பழைய மாணவர் ஒருவர், இன்று தம் ஊர் அவையில் பேசும் வயதை எட்டியவர், தம் உமுன்னாவில் நடக்கும் வாதங்களை அவ்வப்போது தொலைபேசியில் சொல்வார். கோலாவை வயது வரிசைப்படி யாரும் உடைக்கலாம் என்று அங்கே ஒப்புக்கொண்டுவிட்டார்கள். ஓசோ பட்டம் பற்றிய பேச்சும் இணக்கமாகவே போகிறது. பெண் கொடுப்பது, எடுப்பது பற்றிப் பேச்செடுத்தால் மட்டும் மூத்தவர்கள் அடுத்த கூட்டத்துக்குத் தள்ளிவைக்கிறார்கள். ஒவ்வொரு கூட்டத்திலும் அதை மறுபடி எழுப்புவதை அவர் நிறுத்தவில்லை.