அடியவர்க்கு மெய்யன்: திருவந்திபுரத்தில் மூன்று மொழிகளில் ஒரு சேவை

கடலூர் பேருந்து நிலையத்தில் பஸ் பலகை "திருவந்திபுரம்" என்று சொல்லும். திருமங்கையாழ்வார் "திருவயிந்திரபுரம்" என்று பாடினார். வைணவ ஆசாரியர் சுவாமி தேசிகனுடைய வடமொழி ஸ்தோத்திரத்தில் இதே ஊர் "பணிபதிபுரம்". தமிழில் பாடும்போது "அயிந்தை". அஹி என்றால் பாம்பு, இந்த்ரன் என்றால் தலைவன். அஹீந்த்ரன் ஆதிசேஷன், அவன் ஊர் அஹீந்த்ரபுரம். தமிழ் நாக்கில் ஹகாரம் கரைந்து அயிந்திரபுரமாகி, மேலும் தேய்ந்து இன்று பலகையில் நிற்கிறது. இந்த ஒரு பெயரைப் பிரித்துப் பார்த்துவிட்டுப் போகிறவருக்கு அங்குள்ள தெய்வநாயகப் பெருமாள் கோயிலில் மற்றதெல்லாம் தானாகத் திறக்கும். ஒரே பெருமாளை ஒரே ஆசாரியர் தமிழிலும் சம்ஸ்கிருதத்திலும், அதற்கு உறவான பழைய மக்கள் மொழியான பிராகிருதத்திலும் பாடிய தலம் இது.

ரயிலில் வருகிறவர்கள் திருப்பாதிரிப்புலியூர் நிலையத்தில் இறங்கினால் பேருந்து நிலையம் பக்கத்திலேயே இருக்கிறது. அங்கிருந்து மேற்கே சுமார் 6 கிலோமீட்டர்தான். புதுச்சேரியிலிருந்து சுமார் 25 கிலோமீட்டர். முகூர்த்த நாளாகப் பார்த்துக் கிளம்பிவிடாதீர்கள். சுற்றுவட்டாரத்தில் பாதிக் கல்யாணம் இங்கேதான் நடக்கும். புரட்டாசிச் சனிக்கிழமைகளில் முடி இறக்குகிற கூட்டம் வேறு. பாராயணம் செய்யும் எண்ணம் இருந்தால் சாதாரண வாரநாள் காலையே சரி. நண்பகலில் நடை சாத்தி மாலையில்தான் திறப்பார்கள்.

முதலில் மலை. கோயிலுக்கு எதிரே ஔஷதகிரி. அனுமன் சுமந்துபோன சஞ்சீவி மலையிலிருந்து விழுந்த துண்டு என்பது தலபுராணம். மலை என்றாலும் 74 படிதான். ராமானுஜர் நியமித்த 74 சிம்மாசனாதிபதிகளை (வைணவ ஆசாரியத் தலைவர்களை) எண்ணிக்கொண்டே ஏறுகிறவர்கள் உண்டு. வெயில் ஏறிவிட்டால் வெறுங்காலுக்குக் கல் சுடும், அதனால் காலையிலேயே ஏறிவிடுவது நல்லது. பெருமாளைச் சேவித்துவிட்டு மேலே போவதுதானே முறை என்று கேட்பவர்கள் உண்டு. அதுவும் சரிதான். ஆனால் படிப்பை நினைத்து வருகிறவர்களுக்கு மலைதான் முதல் என்பேன். 1268-ல் காஞ்சிபுரம் தூப்புலில் அவதரித்த தேசிகன், அம்மானும் ஆசாரியருமான கிடாம்பி அப்புள்ளாரிடம் பெற்ற கருட மந்திரத்தை இந்த மலையில் அமர்ந்துதான் ஜபித்தார், கருடன் தோன்றி ஹயக்ரீவ மந்திரத்தை உபதேசித்தார், அதன் பிறகே வாக்கு பெருகியது என்பது சம்பிரதாயம். மேலே எழுந்தருளியிருக்கும் குதிரைமுகப் பெருமாளான ஹயக்ரீவர் முன்பு சொல்ல வேண்டியது ஹயக்ரீவ ஸ்தோத்திரம்.

மொத்தம் 33 சுலோகம். நிதானமாகச் சொன்னால் கால் மணி நேரம். நாளைக்கு 2 சுலோகம் என்று வைத்துக்கொண்டால் 17 நாளில் பாடமாகிவிடும். தேசிகனுடைய எந்த ஸ்தோத்திரமானாலும் "ஸ்ரீமான் வேங்கடநாதார்ய:" என்ற தனியனில் (ஆசாரியரைப் போற்றும் முன்சுலோகம்) தொடங்கி, "கவிதார்க்கிக ஸிம்ஹாய" என்று முடிக்க வேண்டும். பலரும் முதல் சுலோகமான "ஞானானந்தமயம் தேவம்" மட்டும் சொல்லிவிட்டு இறங்கிவிடுகிறார்கள். அது எட்டெழுத்து நடை, குழந்தைக்கும் வரும். மூன்றாவது சுலோகத்துக்கு வந்தால்தான் பரீட்சை.

"ஸமாஹார: ஸாம்நாம், ப்ரதிபத³ம்ருசாம் தா⁴ம யஜுஷாம்" என்று அது தொடங்கும். அடிக்கு 17 எழுத்து கொண்ட சிகரிணி என்ற வடமொழி யாப்பு. ஆறாவது எழுத்தில் நிறுத்தி, மீதி பதினொன்றை ஒரே மூச்சில் சொல்ல வேண்டும். சாமங்களின் தொகை, ருக்குகளின் ஒவ்வொரு சொல்லும், யஜுஸ்களின் இருப்பிடம் என்று அடுக்கிக்கொண்டு போய், அத்தனையும் எது என்று கடைசியில்தான் சொல்வார்: "ஹயவத³ந ஹேஷா ஹலஹல:". குதிரைமுகப் பெருமானின் கனைப்பொலி! வேதம் முழுவதும் ஒரு கனைப்பு. வாதச் செருக்கில் கூச்சலிடுகிறவர்களால் உள்ளே உண்டாகும் இருட்டை அந்த ஒலி போக்கட்டும் என்பது பிரார்த்தனை.

இந்த இடத்தில் இரண்டு தவறு அடிக்கடி காதில் விழுகிறது. ஒன்று, "ஹலஹல" என்பதை நீட்டி "ஹாலாஹல" என்று சொல்வது. ஹாலாஹலம் பாற்கடலில் வந்த விஷம். பெருமாள் சந்நிதியில் நின்று கனைப்பொலியை விஷமாக்கிவிடுகிறோம். காதே இதைப் பிடித்துவிடும். சிகரிணியில் அந்த இடத்தில் மூன்று குறில் தொடர்ந்து வர வேண்டும், நீட்டினால் நடை முறிகிறது. மற்றொன்று "தா⁴ம". தமிழ் அச்சில் ஒரே எழுத்துக்கு மேல் 2, 3, 4 என்று சிறிய எண் போட்டிருப்பார்கள். எண் இல்லாவிட்டால் வல்லொலி, 2 அதன் மூச்சொலி, 3 மெல்லிய ஒலி, 4 மெல்லியதன் மூச்சொலி. தா⁴ம என்றால் இருப்பிடம். தா³ம என்றால் கயிறு, மாலை. எண் போடாத மலிவுப் பதிப்பை வைத்துப் பாடம் செய்தால் எது என்று தெரியவே தெரியாது. அதேபோல் ஶகாரம்: ஶங்கரன் மங்களம் செய்பவன், ஸங்கரம் கலப்படம். பெரிய எழுத்தில், எண்ணும் ஶகாரமும் போட்ட புத்தகமாகப் பார்த்து வாங்குங்கள். கிரந்தம் அல்லது நாகரி எழுத்தைக் கற்றுக்கொள்ள ஒரு மாதம் ஒதுக்க முடிந்தால் இந்தத் தொல்லையே இல்லை.

முடிவுக்கு முந்திய சுலோகம் வடிவத்தைச் சொல்கிறது: திருக்கைகளில் வியாக்கியான முத்திரை (உபதேசிக்கும் கைக்குறி), புத்தகம், சங்கு, சக்கரம், வெண்தாமரையில் அமர்ந்த திருக்கோலம். அதைக் கண்ணை மூடிச் சொல்லிவிட்டுப் பிறகு சேவியுங்கள். பிள்ளைகளின் பேனா, நோட்டு வைத்து வாங்குவதும், ஏலக்காய் மாலை சாத்துவதும் அவரவர் பிரார்த்தனை.

கீழே இறங்கினால் கெடிலக் கரையில் கோயில். கெடிலம்தான் கருட நதி. பெருமாளுக்குத் தீர்த்தம் கொண்டுவரப் போன கருடன் தாமதிக்க, ஆதிசேஷன் வாலால் நிலத்தை அடித்து வரவழைத்தது சேஷ தீர்த்தம். பிறகு வந்த கருடன் கொண்டுவந்தது ஆறாயிற்று. இரண்டு பேர் கைங்கரியத்தையும் பெருமாள் ஏற்றுக்கொண்டார். சேஷ தீர்த்தக் கிணற்றில் உப்பு, மிளகு, வெல்லம் போடும் வேண்டுதல் பழையது. ஒரு சிட்டிகையே வேண்டுதலுக்குப் போதும். பொட்டலத்தோடு எறிவதுதான் தவறு. காகிதமும் பிளாஸ்டிக்கும் கிணற்றைக் கெடுக்கும்.

மூலவர் தெய்வநாயகன், கிழக்கு நோக்கி நின்ற திருக்கோலம். தாயார் ஹேமாப்ஜவல்லி, தமிழில் செங்கமலவல்லி. உற்சவர் அச்சுதன். சந்நிதியில் நிற்கும் நேரம் கொஞ்சம்தான், அங்கே புத்தகத்தைப் பிரித்தால் பின்னால் நிற்பவர்களுக்கு இடைஞ்சல். நீண்ட பாராயணத்தைப் பிரகாரத்திலோ தேசிகன் சந்நிதி அருகிலோ உட்கார்ந்து செய்துவிட்டு, பெருமாள் முன்னால் ஒரே ஒரு பாசுரத்தை மட்டும் மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். திருமங்கையாழ்வாரின் பெரிய திருமொழி மூன்றாம் பத்தின் முதல் திருமொழி முழுதும் இவ்வூர்தான். அதில் மூன்றாம் பாசுரம்:

"வையமேழும் உண்டு ஆலிலை வைகிய மாயவன் அடியவர்க்கு
மெய்யனாகிய தெய்வநாயகன் இடம்"

அடியவர்க்கு மெய்யன். அடியாருக்குப் பொய்க்காதவன். ஆழ்வார் போகிற போக்கில் வைத்த இந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டுதான் தேசிகன் இத்தலத்தில் பாடியதையெல்லாம் பாடினார்.

தேசிகனின் அச்யுத சதகத்தைப் பாருங்கள். 101 பாட்டு, முழுக்கப் பிராகிருதம். முதல் பாட்டின் முதல் பாதி: "ணமஹ திஅஸாண ணாஹம், ஸச்சம் தா³ஸாண அச்சுஅம் டி²ரஜோஇம்". பயப்பட வேண்டாம். திஅஸாண ணாஹம் என்பது த்ரிதசாநாம் நாதம், தேவர்களின் நாதன். ஸச்சம் தா³ஸாண: தாஸர்களுக்கு ஸத்யன். ஆழ்வாரின் "அடியவர்க்கு மெய்யன்" அப்படியே பிராகிருதம் பேசுகிறது! அச்சுஅம் என்பது அச்யுதன். வடமொழியில் "ச்ய" என்றிருப்பது பிராகிருதத்தில் இரட்டைச் சகாரமாகிறது. நாம் அச்சுதன் என்கிறோமே, அந்த இரட்டைச் சகாரம் இந்த வழியில் வந்ததுதான். "அச்சுதா அமரர் ஏறே" என்று தினமும் சொல்கிற தமிழ்க் காதுக்கு, தேவர் நாதனும் அச்சுதனும் ஒரே பாட்டில் வருவது வேற்று மொழியாகவே தோன்றாது.

"ணமஹ" என்பதைப் பலர் "நம:" என்று நினைத்துவிடுகிறார்கள். நம: என்பதன் கடைசியில் வருவது மூச்சொலியான விசர்கம், "வணக்கம்" என்று பொருள். ணமஹ வினைச்சொல்: வணங்குங்கள், எல்லாரும் வணங்குங்கள் என்று ஊரையே கூப்பிடுகிறார். ஹகாரத்தை முழு எழுத்தாகச் சொல்ல வேண்டும். இது ஆர்யா விருத்தம், எழுத்தை எண்ணாமல் மாத்திரையை எண்ண வேண்டும்; நான்கு பாதத்துக்கும் 12, 18, 12, 15. ண, ம, ஹ, தி, அ ஆகிய ஐந்தும் ஒவ்வொன்று, ஸா இரண்டு, ண ஒன்று, ணா இரண்டு, ஹம் இரண்டு, ஆக 12. கை விரலில் எண்ணிப் பழகினால் இரண்டே நாளில் நடை வந்துவிடும்.

தமிழர்க்கு இங்கே வருகிற தடங்கல் ஒன்றே. இரண்டு உயிர் சேர்ந்து வந்தால் நடுவில் ய, வ போட்டே நமக்குப் பழக்கம். பிராகிருதத்தில் உயிர் தனியே நிற்கும். மூன்றாம் பாதத்தில் "க³லுலணஇ" என்று வருகிறது: க³லுல என்பது கருட, ணஇ என்பது நதி. அதை "ணை" என்று ஒட்டிவிட்டால் மாத்திரை கெடாது, ஆனால் நதி காணாமல் போய்விடும். கருட நதிக் கரையில் நிற்கும் தமால மரம் என்று பெருமாளின் கருநிறத்தைச் சொல்கிற இடம் அது. கோயில் வாசலில் அதே ஆற்றைப் பார்த்துக்கொண்டு அதை விழுங்கலாமா? சிரமமாக இருந்தால் பக்கத்திலேயே அச்சிட்டிருக்கும் சம்ஸ்கிருத சாயையை (சொல்லுக்குச் சொல் பெயர்ப்பை) சொல்லலாம், குற்றமில்லை. ஆனாலும் முதல் பத்துப் பாட்டையாவது மூலத்தில் சொல்லிப் பாருங்கள்.

சம்ஸ்கிருதத்தில் தேவநாயக பஞ்சாசத், 53 சுலோகம். "ப்ரணத ஸுர கிரீட" என்ற தொடக்கச் சுலோகம் மாலினி யாப்பு, அடிக்கு 15 எழுத்து. எட்டாவது எழுத்தில் நிறுத்த வேண்டும். கிரீட என்பதில் உள்ள "ட" குறில்தான். அடுத்து "ப்ராந்த" என்ற கூட்டெழுத்து வருவதால் கனத்து நிற்கிறது. அழுத்தாமல் ஓடினால் பாட்டு நொண்டும். பணிபதிபுரம் வருவது இந்தச் சுலோகத்தின் கடைசி அடியில்தான்.

கோயிலை விட்டுப் புதுச்சேரிப் பக்கம் போகிறவர்கள் வழியில் பாகூரில் இறங்கி மூலநாதர் கோயிலைப் பார்க்கலாம். பல்லவன் நிருபதுங்கன் காலத்துப் பாகூர்ச் செப்பேடு, அவ்வூர் வித்யாஸ்தானத்துக்கு (கல்விச்சாலைக்கு) மூன்று கிராமங்களைக் கொடுத்ததைப் பேசுகிறது. செப்பேடும் வடமொழி, தமிழ் என இரு மொழியில்தான். புதுச்சேரிக்கு மேற்கே திருபுவனையில் முதலாம் ராஜாதிராஜன் காலத்து 1048-ஆம் ஆண்டுக் கல்வெட்டு 260 மாணவர்களையும் 12 ஆசிரியர்களையும் சொல்கிறது. கெடிலத்துக்கு வடக்கே இந்த மண் முழுதும் பாடசாலை மண்.

நகரத்தில் 1955-ல் தொடங்கிய பிரெஞ்சு ஆய்வு நிறுவனத்தில் ஏராளமான ஓலைச்சுவடிகள் இருக்கின்றன, பெரும்பகுதி சைவ ஆகமங்கள், கிரந்த எழுத்தில். அங்கும் நகரத்திலுள்ள மற்றொரு பிரெஞ்சுக் கீழ்த்திசை ஆய்வு நிலையத்திலுமாக உள்ள சுமார் 11,000 சுவடிகளை யுனெஸ்கோ 2005-ல் உலக நினைவுப் பதிவேட்டில் சேர்த்தது. நம் தட்பவெப்பத்தில் பூச்சிக்கும் ஈரத்துக்கும் தப்பி ஓலை நெடுங்காலம் நிற்பது அரிது. பழையது சிதையும் முன் புதிய ஓலையில் படி எடுக்க ஆள் இருந்தால்தான் நூல் பிழைக்கும். எடுக்காதபோது என்ன ஆகும் என்பதற்குத் திருவந்திபுரமே சாட்சி.

நவமணிமாலை என்ற தமிழ் நூலின் கடைசிப் பாட்டில் தேசிகன் இந்தப் பெருமாளுக்குத் தாம் பாடியதையெல்லாம் தாமே வரிசையாகச் சொல்கிறார். ஐம்பது (தேவநாயக பஞ்சாசத்), சிந்தை கவர் பிராகிருதம் நூறு (அச்யுத சதகம்), மும்மணிக்கோவை, பந்து, கழல், அம்மானை, ஊசல், ஏசல், நவமணிமாலை. இவற்றில் பந்து முதல் ஏசல் வரை ஐந்தும் இன்று இல்லை. பெண்கள் பந்தாடும், அம்மானை ஆடும், ஊஞ்சலாடும் சந்தத்தில் ஒரு வேதாந்தாசாரியர் எழுதியவை. பெயர் மட்டும் மிச்சம். மும்மணிக்கோவை 30 பாட்டாக இருக்க வேண்டும், கிடைப்பது 10. அதுவும் "அருள்தரும் அடியர்பால் மெய்யை வைத்து" என்றே தொடங்குகிறது, ஆழ்வாரின் அதே மெய்.

அந்தப் பத்தையும் தேசிகன் சந்நிதியில் சொல்லிவிட்டு வாருங்கள். மும்மணிக்கோவை அந்தாதி. இலக்கணப்படி பத்தாம் பாட்டு முடிகிற சொல்லில்தான் பதினொன்றாம் பாட்டு தொடங்கியிருக்கும்; முப்பதாம் பாட்டு முதல் பாட்டின் "அருள்" என்ற சொல்லில் வந்து முடிந்திருக்கும்.