ஆழித்தேரின் கணக்கும் அஜபா நடனமும்

'திருவாரூர் தேரழகு' என்று சொல்லாத வாய் கிடையாது. ஆனால் தேரடியில் நிற்பவர்களில் பலர் அண்ணாந்து கலசத்தைப் பார்த்து, கன்னத்தில் போட்டுக்கொண்டு கிளம்பிவிடுகிறார்கள். உச்சி ஏன் அசைகிறது என்பது சக்கரத்தடியில்தான் தெரியும். அதையும் பார்த்தால்தான் தரிசனம் முழுமை.

தேரோட்டத்துக்குப் போகிறவர்கள், தியாகராஜப் பெருமான் தேருக்கு எழுந்தருளும்போதே ஊரில் இருப்பது நல்லது. பெருமானைச் சுமந்து வருகிறவர்கள் நேராக நடப்பதில்லை. முன்னும் பின்னும், ஏறி இறங்கி, ஆடி ஆடித்தான் வருவார்கள். இதுவே அஜபா நடனம். திருமால் தம் மார்பில் வைத்துப் பூசித்த மூர்த்தி இவர். திருமாலின் மூச்சு ஏறி இறங்க, பெருமானும் ஏறி இறங்கி ஆடினார் என்பது தலபுராணம். வாயால் செபிக்காமல் மூச்சே மந்திரமாக ஓடுவது அஜபை. நம் நூல்கள் சொல்லும் கணக்கு நாளொன்றுக்கு 21,600 மூச்சு. ஒரு நாளுக்கு 60 நாழிகை, நாழிகைக்கு 360 மூச்சு. வட்டத்தின் 360 பாகையை, பாகைக்கு 60 கலையாகப் பிரித்தாலும் அதே 21,600தான் வரும். சக்கரத்தின் முன் நிற்கும்போது இந்த எண் மனத்தில் இருக்கட்டும்.

இனி ஆழித்தேர் எனப்படும் அந்தத் தேர். மொத்த உயரம் 96 அடி. மரத்தேர் மட்டும் 30 அடி. அதன்மேல் மூங்கிலும் துணியுமாகக் கட்டும் அலங்காரம் 48 அடி, விமானம் 12 அடி, கலசம் 6 அடி. சைவர்கள் எண்ணும் தத்துவங்களும் 96 என்பதால், கூட்டிப் பார்க்கிறவர்களுக்கு மெய்சிலிர்க்கும். அலங்காரம் இல்லாத தேர் சுமார் 220 டன். கட்டி முடித்தால் 300 டன்னை எட்டும். அதாவது எடையில் முக்கால் பங்கு கீழே உள்ள 30 அடியிலேயே அடங்கிவிடுகிறது. பூதப்பார் முதல் சிம்மாசனம் வரை எனத் தட்டுத் தட்டாக, அடுக்கடுக்காகச் செறிந்த மரம் கீழே கனக்க, மேலே மூங்கில் இலேசாக நிற்கிறது. இத்தனை உயரம் சாயாமல் வருவதற்கு இதுதான் காரணம். முன்னால் பாயும் நான்கு மரக்குதிரைகளைப் பார்க்க மறக்காதீர்கள். ஒவ்வொன்றும் 32 அடி நீளம், 11 அடி உயரம்.

சக்கரங்கள் இரும்பு, விட்டம் 9 அடி. ஒரு சுற்றுச் சுற்றினால் தேர் 28 அடிக்குச் சற்று அதிகமாக நகரும். சக்கரம், அச்சு, ஹைட்ராலிக் பிரேக் எல்லாம் திருச்சி பெல் நிறுவனத்தின் வேலை. பிரேக் வந்துவிட்டதால் முட்டுக்கட்டைக்கு வேலை போய்விட்டது என்று நினைக்க வேண்டாம். பிரேக் தேரை நிறுத்தும், திருப்புவது கட்டைதான். அச்சு திரும்பாத வண்டி இது. வலப்பக்கச் சக்கரத்துக்கு முன் கட்டை கொடுத்தால் அந்தப் பக்கம் தடைபடும், இடப்பக்கம் முந்தும், தேர் வலப்புறம் திரும்பும். மெல்லிய கட்டை வேகத்தைக் குறைக்கும், தடித்த கட்டை நிறுத்தும். ஒரு நொடி தாமதித்தாலும் தேர் ஓரத்துக்கு ஒதுங்கிவிடும். பிறகு நேராக்கப் படாத பாடு பட வேண்டும். வீதி முனையில் கட்டை மட்டும் போதாது. இரும்புத் தகடுகளைப் போட்டுக் கிரீஸ் தடவி, அதன்மேல் சக்கரங்களை வழுக்கவிட்டுத் திருப்புகிறார்கள். நேரம் பிடிக்கும் இடம் அதுதான், பார்க்க வேண்டிய இடமும் அதுதான்.

சக்கரம் கட்டையில் ஏறும் அந்தக் கணம் மேலே பாருங்கள். அடியில் பத்தடி அகலத்துக்கு ஓர் அங்குலம் சாய்ந்தால், 96 அடி உச்சியில் அது ஒன்பதரை அங்குலத்துக்கு மேல் போகும். கட்டையை விட்டுச் சக்கரம் இறங்கியதும் கலசம் மறுபக்கம் சாய்ந்து, மெல்ல நிமிரும். மூச்சு ஏறி இறங்குவது போலவே இருக்கும். தோளில் ஆடி வந்த அதே நடனத்தை இப்போது 300 டன் மரமும் இரும்பும் ஆடுகிறது. கீழே கட்டை கொடுப்பவரின் கையில் தொடங்குகிறது அந்த ஆட்டம்.

வடம் பிடிக்க ஆசைப்படுகிறவர்களுக்கு: வடம் 425 அடி நீளம், சுற்றளவு 21 அங்குலம். கைக்குள் அடங்காது, அணைத்துத்தான் பிடிக்க வேண்டும். நின்ற தேர் கிளம்புவதுதான் கடினம். அதனால்தான் பின்னால் புல்டோசர்கள் தள்ளுகின்றன. 'ஆரூரா! தியாகேசா!' என்ற குரலோடு எல்லாரும் சேர்ந்து இழுத்தால்தான் அசையும்; ஆளுக்கொரு நேரம் இழுத்தால் பலம் வடத்திலேயே வீணாகும். வடம் தொய்ந்து கிடக்கும்போது தாண்டிப் போகவே கூடாது. மறுநொடி அது விறைத்து எழும். வடத்துக்கு வெளிப்பக்கம் நில்லுங்கள், உள்ளே வேண்டாம். வீதி முனையில் தேர் திரும்பும் பக்கம் ஒதுங்கி நிற்பதும் ஆபத்து. செருப்பைக் கழற்றிவிட்டே வாருங்கள். குழந்தைகளைத் தோளில் ஏற்றிக்கொண்டு வடத்தருகே வராதீர்கள். தேர்க்காலில் கன்று சிக்கியதற்காகப் பெற்ற பிள்ளையையே தேர்க்காலில் இட்ட மனுநீதிச் சோழனின் ஊர் இது. அந்தக் கதையைச் சொல்லும் கல்தேரையும் ஒருமுறை பார்த்துவிட்டு வாருங்கள்.

பங்குனி ஆயில்யத்தில் தேர் ஓடுவது மரபு. சில ஆண்டுகளில் நாள் தள்ளிப்போவதும் உண்டு, விசாரித்துக்கொண்டு கிளம்புங்கள். விநாயகர், சுப்பிரமணியர் தேர்கள் முன்னே போக, ஆழித்தேர் காலையில் கிளம்பும். அம்பாள், சண்டிகேசுவரர் தேர்கள் பின்னே வரும். ஒரு காலத்தில் நிலைக்கு வர மாதக்கணக்கில் ஆன தேர், இப்போது நான்கு வீதியும் சுற்றி அன்றைக்கே நிலைக்கு வந்துவிடுகிறது. வேறு நாளில் முகம் மட்டுமே காட்டும் பெருமான், பங்குனி உத்திரத்தன்று ஒரு பாதம் காட்டுகிறார். மறுபாதத்துக்கு மார்கழித் திருவாதிரை வரை காத்திருக்க வேண்டும்.