கல்லடி வீட்டுக்கு வந்த சிவலை

காப்பகத்திலிருந்து கூட்டி வந்த அன்று சிவலைக்குப் பத்து மாதம். விசர்நாய்த் தடுப்பூசியும் கருத்தடையும் அங்கேயே முடிந்திருந்தன. "கருத்தடை செய்த நாய் இனி அடங்கிவிடும்" என்றார்கள் பக்கத்து வீட்டில். அப்படியெல்லாம் இல்லை. துள்ளுகிற வயது துள்ளத்தான் செய்யும்.

முதல் மூன்று நாளும் கட்டிலுக்கடியிலேயே கிடந்தான். சோற்றை வைத்துவிட்டு நாங்கள் விலகினால்தான் சாப்பிடுவான். நான்காம் நாள் வெளியே வந்தான். அந்தக் கிழமைக்குள் இரண்டு சோடிச் செருப்பு, கொடியில் காய்ந்த சேலைத் தலைப்பு, ஒரு வாழைக்கன்று எல்லாம் போயின. படலையைத் திறந்து வருகிறவர்களின் நெஞ்சில் முன்னங்கால் இரண்டையும் வைத்துப் பாய்வான். அம்மா 1978இல் எங்கள் மட்டக்களப்பை அடித்த சூறாவளியைச் சின்ன வயதில் கண்டவர். "அது ஒரு இரவோட போச்சு மகள், இது ஒவ்வொரு நாளும் அடிக்குது" என்றார்.

களைக்க வைத்தால் சரியாகும் என்று நினைத்து, மணல் சுடுமுன் காலை ஐந்தரைக்கே கல்லடிக் கடற்கரைக்குக் கூட்டிப்போய் ஓடவிட்டேன். வீட்டுக்கு வந்ததும் இன்னும் வெறியோடு சுற்றினான். மிருக வைத்தியர்தான் சொன்னார், "காலுக்கு மட்டும் வேலை கொடுக்கிறீங்க, மூக்குக்குக் கொடுங்க" என்று. அப்புறம் அவன் போக்கில் மோந்து மோந்து நடக்கவிட்டேன். ஒரு படகடியில் பத்து நிமிடம் நின்றாலும் கயிற்றை இழுப்பதில்லை. வீட்டில் சோற்று உருண்டைகளைச் சிரட்டைகளுக்கடியில் மறைத்து வைப்பேன். தேடித் தின்றுவிட்டு நீட்டி நிமிர்ந்து தூங்குவான். பாய்ந்தால் முதுகைத் திருப்பிக்கொள்வோம், நாலு காலும் நிலத்தில் நின்றால் தடவுவோம். வீட்டில் எல்லாரும் ஒரே மாதிரிச் செய்தபோதுதான் அது பலித்தது.

ஆனால் அந்த மூக்குதான் என்னைப் பயப்படுத்தியது. கரைவலை இழுப்பவர்கள் பேத்தை மீனைக் கரையிலேயே எறிந்துவிடுவார்கள். அதன் நஞ்சு நாயைக் கொன்றுவிடும். ஒருநாள் ஊதிய வயிற்றோடு கிடந்த ஒன்றைக் கவ்விவிட்டான். வாயைப் பிளந்து, விரலைவிட்டு இழுத்தெடுத்தேன். வாயைக் கழுவி நேரே வைத்தியரிடம் ஓடினேன். அன்று முழுக்க அவன் மூச்சையே பார்த்துக்கொண்டிருந்தேன். கடவுள் புண்ணியத்தில் ஒன்றும் ஆகவில்லை.

அன்றிரவே "விடு" பழக்கத் தொடங்கினேன். முதலில் பழைய செருப்பு. அதை விட்டால் அவித்த கோழி ஈரல் ஒரு துண்டு. பறித்தால் ஓடுவான், மாற்றுக் கொடுத்தால் விடுவான். பிறகு தேங்காய்ப் பொச்சு, பிறகு கருவாட்டுத் தலை. இரண்டு மாதம் ஒரு நாளும் விடாமல் செய்தோம். ஈரல் அவித்துத் தந்தது அம்மாதான்.

போன கிழமை மறுபடியும் ஒரு பேத்தை. நான் கிட்டப் போகுமுன் வாயில் எடுத்துவிட்டான். "சிவலை, விடு" என்றேன். மணலில் போட்டான். போட்டுவிட்டு என் கையைப் பார்த்தான். பையிலிருந்த ஈரல் அத்தனையையும் அங்கேயே கொடுத்துவிட்டேன்.