எப்போது தெரிந்தது என்ற கேள்வி

ஜெர்மனியைத் தடுக்கப் பிரான்ஸ் தன் எல்லையில் கட்டிய மாஜினோ அரண்வரிசையின் பெரிய கோட்டை ஒன்றில் காற்றோட்ட இயந்திரங்களைக் கவனித்துவந்த முதியவரிடம் நான் கேட்ட கேள்வி முறையானதுதான் என்று இன்றும் சொல்வேன். ஆனால் அவர் திருப்பிக் கேட்டதற்கு என்னிடம் விடை இல்லை.

1940 ஜூன் மாத முற்றுகையைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தோம். குண்டுகளை அவர் பெரிதுபடுத்தவில்லை. போர்முனைக் கட்டடங்களின் கூரை மூன்றரை மீட்டர் காங்கிரீட், அதை எல்லோரும் நம்பினார்கள். காற்றைத்தான் நம்ப முடியவில்லை என்றார். நான் விரித்திருந்த வரைபடத்தில் அவர் விரல் தேடாமலே காற்று வடிகட்டி அறையில் போய் நின்றது. விசிறியின் ஓசை சற்று மாறினாலும் உறங்குகிறவர்கள் எழுந்து உட்கார்ந்துவிடுவார்களாம். "லா ஃபெர்ட்டே வீரர்களின் கதி எங்களுக்கும் வரும் என்றுதான் கிடந்தோம்" என்றார்.

லா ஃபெர்ட்டே அதே வரிசையின் சிறு கோட்டை. 1940 மே 19 அன்று வீழ்ந்தது. உள்ளே இருந்த 107 பேரும் மாண்டார்கள். அவர்களில் பெரும்பாலோரின் உயிரைப் பறித்தது, நிலத்தடிப் பாதையில் பரவிய கார்பன் மோனாக்சைடு என்ற நச்சுவாயு. போருக்குப் பிறகு அந்த வரிசையைப் பற்றிப் பேசுகிற எவரும் சொல்லும் நிகழ்ச்சி அது. அதனால்தான் கேட்டேன்: "இது உங்களுக்கு அப்போதே தெரியுமா, போர்க்கைதி முகாமிலிருந்து திரும்பிய பிறகு தெரிந்ததா?"

"பிறகுதான் தெரிந்தது என்றே வைத்துக்கொள்ளுங்கள். அன்று நான் பயப்படவில்லை என்று எழுதிவிடுவீர்களா?"

அப்படி எழுதவில்லை. அச்சத்தைப் பதிவு செய்தேன். லா ஃபெர்ட்டேயை அதற்குக் காரணமாகக் காட்டாமல், பிற்கால நினைவு கலந்திருக்கக்கூடும் என்று ஒரு வரி சேர்த்தேன். பின்னர் அறிந்தது முன்னர் பட்டதோடு கலந்துவிடுவதைப் பிரித்துப் பார்க்காவிட்டால் நேர்காணலுக்கும் செவிவழிக் கதைக்கும் வேறுபாடு இராது. இதில் எனக்கு ஐயமில்லை.

எனினும் அந்த ஒரு வரி யாருக்குப் பயன்பட்டது என்பதில் ஐயம் உண்டு. அவருடைய கோட்டையை எதிரி உடைக்கவே இல்லை. போர்நிறுத்தம் ஜூன் 25 அன்று நடைமுறைக்கு வந்தபின், மேலிடத்து ஆணைப்படி அதை ஒப்படைத்துவிட்டு அவர்கள் சிறைப்பட்டார்கள். திரும்பி வந்தபோது, ஜெர்மானியர் சுற்றிக் கடந்துவிட்டதால் வீணாய்ப்போன சுவருக்குள் பாதுகாப்பாக உட்கார்ந்திருந்தவர்கள் என்ற பேச்சுதான் காத்திருந்தது. உடையாத காங்கிரீட்டுக்குள் இருந்தவன் எதற்கு அஞ்சினான் என்று விளக்க, கேட்பவர்களுக்குப் புரியக்கூடிய பெயராக லா ஃபெர்ட்டே ஒன்றுதான் அவருக்குக் கிடைத்திருக்க வேண்டும். அந்தப் பெயரையே நான் கேள்விக்குறியாக்கினேன். ஆவணங்களில் குண்டுவீச்சின் நேரம் இருக்கிறது, சுட்ட குண்டுகளின் எண்ணிக்கை இருக்கிறது. விசிறியின் ஓசைக்குக் காது கொடுத்துப் படுத்திருந்த இரவுகளுக்கு அவரைத் தவிர வேறு சான்று இல்லை.

இப்போதும் எல்லோரிடமும் அதே கேள்வியைக் கேட்கிறேன். அவர்கள் சொல்ல வந்ததை முழுவதும் சொல்லி முடித்த பிறகு கேட்கிறேன் என்பது மட்டுமே மாற்றம். அது ஆய்வுமுறையின் தேவையா, என் மனத்தின் தேவையா என்று பிரித்தறிய முடியவில்லை.