கிடை போட்ட வயலைப் படம்பிடித்தல்: இதுவரை செய்து பார்த்தவை

மண்ணைப் பேணும் வேளாண்மை பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்க முடிவு செய்தபோது, பேட்டிகளைத் தொகுப்பதைவிடக் காவிரிப் படுகையில் ஒரே வயலை ஒரு சாகுபடிக் காலம் முழுவதும் பின்தொடர்வதே சரி என்று தோன்றியது. சம்பா அறுவடை முடிந்ததும் இராமநாதபுரம், சிவகங்கைப் பக்கத்துக் கீதாரிகள் (ஆடு மேய்ப்பவர்கள்) செம்மறி ஆடுகளை ஓட்டிக்கொண்டு தஞ்சை, திருவாரூர் வயல்களுக்கு வருகிறார்கள். பகலெல்லாம் மேய்ந்த ஆடுகள் இரவில் வயலில் அடைக்கப்பட (இதுதான் கிடை போடுவது), புழுக்கையும் மூத்திரமும் அந்த மண்ணிலேயே சேர்கின்றன. கிடையை இடம் மாற்றி மாற்றிப் போடுவதால் வயல் முழுவதும் உரமேறுகிறது. ‘ஆட்டு எரு அவ்வருடம், மாட்டு எரு மறுவருடம்’ என்று உழவர்கள் சொல்வது அது விரைவில் பயிருக்குப் பயன்படுவதை வைத்துத்தான்.

விளக்கைக் கண்டால் ஆடுகள் மிரளும் என்று கீதாரி ஐயா சொன்னதால், இரவுக்காட்சிகளை ஒலியாக மட்டுமே பதிவு செய்தேன். அசைபோடும் ஓசையும் காவல் நாயின் குரைப்பும் இருட்டை நன்றாகவே உணர்த்துகின்றன. படத்தை விடியலில், கிடை பிரிக்கும் நேரத்தில் எடுத்தேன்.

மண்ணின் நிறத்தைக் காட்டுவதற்குத்தான் அதிகம் யோசிக்க வேண்டியிருந்தது. கேமராவைத் தானியங்கி முறையில் விட்டால் கருத்த மண்ணை அது வெளுப்பாக்கிவிடும்; நாம் காட்ட விரும்பும் வேறுபாடே மறைந்துபோகும். ஆகவே ஒளியளவையும் வெண்சமநிலையையும் கையால் நிலைப்படுத்தி, முக்காலியின் கால்களுக்கு வரப்பில் முளையடித்து, ஒரே லென்ஸில், ஒரே வேளையில் எடுத்து வருகிறேன்.

இதுவரை எடுத்தவற்றில் எனக்கு மிகவும் நிறைவு தந்தது மண்கட்டிச் சோதனை. இந்த வயலின் கட்டி ஒன்றையும், பல ஆண்டுகளாக இரசாயன உரம் மட்டுமே இட்ட பக்கத்து வயலின் கட்டி ஒன்றையும் ஒரே அளவு உலர்த்தி, இரு கண்ணாடிக் குவளை நீரில் ஒரே சமயத்தில் இட்டேன். பக்கத்து வயல் கட்டி கரைந்து சேறாக, மக்கும் உயிர்ப்பொருளால் பிணைந்த கட்டி வடிவம் குலையாமல் நின்றது. இரண்டும் ஒரே வகைக் களிமண்ணாக இருப்பது முக்கியம். இல்லையேல் ஒப்பீடு நேர்மையாகாது. அதே நேர்மைக்காகத்தான் வெட்டில்லாத ஒரே ஷாட்டாக எடுத்தேன்.

2013-இல் மறைந்த இயற்கை வேளாண் அறிஞர் நம்மாழ்வார் ஐயாவின் பேச்சைச் சேர்க்கலாம் என்று நண்பர்கள் சொல்கிறார்கள். அவர் மீது எனக்குப் பெருமதிப்பு உண்டு. ஆனாலும் இந்தப் படத்தில் வயலே பேச வேண்டும் என்று விரும்புகிறேன்.

ஆற்றில் தண்ணீர் வந்தபின், மடக்கி உழுது உரமாக்குவதற்காக விதைத்த பசுந்தாள் பயிரான தக்கைப்பூண்டு இப்போது முழங்கால் உயரம். ஒரு செடியைப் பிடுங்கி, வேரைக் கழுவி, வேர்முடிச்சு ஒன்றைப் பிளந்து மிக அருகில் எடுத்தேன். உள்ளே தெரிந்த இளஞ்சிவப்பு, அந்த முடிச்சு காற்றிலுள்ள தழைச்சத்தை (நைட்ரஜனை) நிலைப்படுத்தும் வேலையில் இருப்பதற்கு அடையாளம். பூக்கும் தருணத்தில் மடக்கி உழும்போது கலப்பையின் அருகிலிருந்து எடுக்க உழவர் ஒப்புக்கொண்டிருக்கிறார். சம்பா அறுவடைக்குப் பின் இரு வயல்களிலும் மண்கட்டிச் சோதனையை மறுபடியும் செய்து, முடிவு எப்படி இருந்தாலும் அதைச் சேர்த்த பிறகே படத்தொகுப்பைத் தொடங்குவேன்.